ஆளுநர் கட்டாத அபராதம்

நீதிமன்ற உத்தரவு கிடைத்த நாளில் இனிப்பு கொடுக்கிறோம். ஆறு மாதம் கழித்து அது அலுவலகக் கோப்பில் தூங்கும்போது, ‘அவமதிப்பு வழக்குப் போடுவோம்’ என்கிறோம். அந்த ஆயுதம் யார்மீது எப்படிப் பாயும்? அமெரிக்கக் கறுப்பின மக்களின் போராட்டத்திலிருந்து இரண்டு வழக்குகளைப் பார்ப்போம்.

1962. ஜேம்ஸ் மெரிடித் என்ற கறுப்பின இளைஞரை மிசிசிப்பி பல்கலைக்கழகத்தில் சேர்க்கும்படி கூட்டாட்சி மேல்முறையீட்டு நீதிமன்றம் உத்தரவிட்டது. மாநில ஆளுநர் ராஸ் பார்னெட் இரண்டு முறை தானே எதிரில் நின்று அவரைத் திருப்பி அனுப்பினார். செப்டம்பர் 28 அன்று நீதிமன்றம் அவர்மீது சிவில் அவமதிப்பை உறுதி செய்தது. அக்டோபர் 2க்குள் வழிவிடாவிட்டால் நாளொன்றுக்கு 10,000 டாலர் அபராதம். சிவில் அவமதிப்பின் முதல் நோக்கம் பணியவைப்பது. பணிந்தால் அபராதமும் நின்றுவிடும்.

ஆனால் மெரிடித்துக்கு வழி திறந்தது அபராதம் அல்ல, ராணுவம். செப்டம்பர் 30 இரவு வெள்ளை வெறியர்களின் கலவரத்தில் இருவர் இறந்தனர். மறுநாள் மெரிடித் சேர்ந்தார். பார்னெட் ஒரு டாலரும் கட்டவில்லை; சிறைக்கும் போகவில்லை. அவர்மீதான குற்றவியல் அவமதிப்பு வழக்கை 1965இல் நீதிமன்றமே கைவிட்டது.

அடுத்த ஆண்டு, அலபாமாவின் பர்மிங்காம். ஊர்வலம் போகக்கூடாது என்ற மாநில நீதிமன்றத் தடையை மீறி, 1963 ஏப்ரல் 12 அன்று மார்ட்டின் லூதர் கிங் நடந்தார். அவமதிப்புக்காக 5 நாள் சிறை, 50 டாலர் அபராதம். ‘உத்தரவு தவறானால் நீதிமன்றத்தில் முறையிட்டிருக்க வேண்டும், மீறியிருக்கக் கூடாது’ என்று 1967இல் உச்ச நீதிமன்றம் 5க்கு 4 என்ற கணக்கில் தண்டனையை உறுதி செய்தது. கிங் சிறை சென்றார். அதே ஊர்வலத்துக்காக, அனுமதி பெறவில்லை என்று ஃப்ரெட் ஷட்டில்ஸ்வொர்த்துக்கு விதித்த தண்டனையை 1969இல் அதே நீதிமன்றம் ரத்து செய்தது. ஆனால் கிங் அனுபவித்த சிறை அனுபவித்ததுதான்.

உத்தரவை மீறிய ஆளுநர் வெளியே, தடையை மீறிய போராளி உள்ளே. அப்படியானால் நீதிமன்றமே வீணா? இல்லை தோழர்களே. அந்த உத்தரவு இல்லாமல் மத்திய அரசு அசைந்திருக்காது. மெரிடித்தின் வழக்கறிஞர் கான்ஸ்டன்ஸ் பேக்கர் மோட்லி ஒவ்வொரு தடைக்கும் மீண்டும் மீண்டும் நீதிமன்றப் படியேறினார். தீர்ப்பை உயிரோடு வைத்திருந்தது அந்த விடாப்பிடிதான்.

நம் நாட்டின் 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டமும் ‘வேண்டுமென்றே’ கீழ்ப்படியாததையே சிவில் அவமதிப்பு என்கிறது. ‘எனக்கு உத்தரவு வரவில்லை’ என்று அதிகாரி தப்பலாம். ஆகவே நகலைக் கொடுத்து தேதியோடு ஒப்புகை வாங்குங்கள். மறுப்பை எழுத்தில் கேளுங்கள். பிரிவு 20 தரும் காலம் அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓராண்டுதான்.

இனிப்பு கொடுக்கும் நாளிலேயே நாட்காட்டியிலும் குறித்துவிடுங்கள்.