கம்பெனி வைத்த நடிகை: டி. பி. ராஜலட்சுமியும் இயக்குநர் பொறுப்பும்

பெரியபாளையம் பவானி அம்மனுக்கு ஆடி மாதத்தில் வேப்பஞ்சேலை உடுத்தி நேர்த்திக்கடன் செலுத்துவோரில் பெண்கள் பெருந்திரளாக இருப்பினும், அவ்வூரைச் சூழ்ந்த திருவள்ளூர், கும்மிடிப்பூண்டி வட்டாரங்களில் விடிய விடிய நிகழும் தெருக்கூத்தில் கூந்தலை விரித்துச் சபதம் உரைக்கும் திரௌபதி மரபுப்படி ஓர் ஆணே ஆவார். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் நகரங்களில் வேரூன்றிய கம்பெனி நாடகத்திலும், சிறுவர்களை மட்டுமே கொண்டு நடத்தப்பட்ட ‘பாய்ஸ் கம்பெனி’களின் செல்வாக்கினால், ஸ்திரீபார்ட் எனப்பட்ட தலைமைப் பெண்வேடம் பெரும்பாலும் ஆண்பிள்ளைகளின் கையிலேயே இருந்தது. இதற்கு விலக்காகக் கும்பகோணத்தில் பாலாமணி அம்மாள் பெண்களைக் கொண்டே ஒரு குழுவை நடத்தினார். அவர் நடிகையாக மட்டும் இராமல் குழுவுக்கு உரிமையாளராகவும் இருந்தார் என்பது பின்வந்த வரலாற்றைப் புரிந்துகொள்ள உதவும்.

திருவையாற்றில் 1911ஆம் ஆண்டு பிறந்த டி. பி. ராஜலட்சுமி, பெண்ணின் திருமண வயதைப் பதினான்காக வரையறுத்த 1929ஆம் ஆண்டின் சாரதா சட்டத்துக்கு முந்தைய தலைமுறையினர் ஆதலால், சிறுமியாக இருந்தபோதே மணமுடிக்கப்பட்டு, அம்மணவாழ்வு நிலைக்காமற்போக, பிழைப்புக்காகத் திருச்சியில் சாமண்ணாவின் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். பாட்டும் வசனமும் கைவந்த அவர், தேசியப் பாடல்களையும் மேடையில் துணிந்து பாடினார். பேசும்படம் வந்தபோது ஒலிவாங்கிக்கு முன் பிசிறின்றிப் பாடக்கூடியவர்களைத் தேடியவர்களுக்கு நாடக மேடையே முதற்புகலிடமாயிற்று. பம்பாயில் அர்தேஷிர் இரானியின் தயாரிப்பில் எச். எம். ரெட்டி இயக்கி, 1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியான ‘காளிதாஸ்’ படத்தில் அவர் கதாநாயகியானார். தமிழும் தெலுங்கும் கலந்து பேசப்பட்ட அப்படத்தின் பிரதி இன்று கிடைப்பதில்லை. 1933இல் வெளியான ‘வள்ளி திருமணம்’ அவரைப் பெரும் நட்சத்திரமாக்கியது. ‘சினிமா ராணி’ என்ற பட்டப்பெயரும் அவருக்கு வழங்கலாயிற்று.

தாமே எழுதிய ‘கமலவல்லி’ என்னும் நாவலை ‘மிஸ் கமலா’ என்ற பெயரில் 1936இல் படமாக்கியபோது, கதை, தயாரிப்பு, இயக்கம், முதன்மை வேடம் ஆகிய அனைத்தையும் அவரே ஏற்றார். தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர் என்று அவரைக் குறிப்பிடுவது வழக்கமே எனினும், அந்த முதன்மையை விட அது கைகூடிய வழியே ஆராயத்தக்கது. ஸ்ரீ ராஜம் டாக்கீஸ் என்னும் சொந்த நிறுவனம் இல்லாதிருந்தால், புராணக் கதைகளே பணம் ஈட்டிய அக்காலத்தில், ஒரு பெண்ணின் விருப்பத்துக்கு மாறான திருமணத்தைப் பேசும் சமூகக் கதைக்கு வேறெவரும் முதல் போட்டிருப்பார் என்று கருத இடமில்லை. அவர் தம் நடிப்பால் ஈட்டியதைக் கொண்டே இயக்குநராகும் உரிமையை வாங்கினார் என்பதே பொருத்தமான கூற்றாகும். பின்னர் ‘மதுரை வீரன்’ படத்தையும் அவர் இயக்கினார்.

டென்மார்க்கின் போடில் இப்சென் இதற்கு மாறான பாதையில் வந்தவர். கோபன்ஹேகன் அரச நாடக அரங்கில் 1909இல் மேடையேறிப் பல பத்தாண்டுகள் புகழுடன் நடித்தபின், 1942இல் இயக்குநரான அவர், லாவ் லாவ்ரிட்சன் என்பவருடன் இணைந்து இயக்கிய நாஜி எதிர்ப்புப் போராட்டப் படம் 1946இல் கான் விழாவின் உயர்விருதைப் பெற்றது. அரசு பேணிய நாடக அரங்கில் ஈட்டிய மதிப்பும், நிலைபெற்றிருந்த படப்பிடிப்பு நிறுவனங்களும் அவருக்குத் துணைநின்றன. ராஜலட்சுமிக்கோ இலாபமும் நட்டமும் தம்முடையவையாகவே இருந்தன. இருவரும் 1964இல் மறைந்தனர். டென்மார்க்கின் திரை விமர்சகர்கள் 1948 முதல் வழங்கிவரும் போடில் விருது, இப்சென், போடில் கெயர் ஆகிய இரு நடிகைகளின் பெயரைத் தாங்குகிறது.

தென்னிந்தியாவில் பெரும் ஸ்டூடியோக்கள் எழுந்து, நடிகர்கள் மாதச் சம்பளத்துக்கு ஒப்பந்தம் செய்யப்பட்ட 1940களில் இயக்கம் ஆண்களின் தொழிலாகவே இறுகிற்று. அடுத்து அப்பொறுப்பை ஏற்ற நடிகை பானுமதியும், கணவர் ராமகிருஷ்ணாவுடன் நடத்திய பரணி நிறுவனம் இருந்தமையால்தான் 1953இல் தமிழ், தெலுங்கு, இந்தி ஆகிய மும்மொழிகளிலும் ‘சண்டிராணி’யை இயக்க முடிந்தது. 1960களின் இறுதியில் இயக்கத்துக்கு வந்த நடிகை சாவித்திரி, தம் பணத்தையே முதலாக்கி 1971இல் ‘பிராப்தம்’ எடுத்தார்; சிவாஜி கணேசன் நடித்தும் அப்படம் வசூலில் தோற்றது, கடனை அடைக்கும் சுமையும் அவர் மீதே விழுந்தது.