பறத்தலின் பிரதிகள்: பிழை யாருடையது?

1941இல், போரின் நடுவே, பிரிட்டிஷ் விமானப்படை தன் விமானிகளுக்காக 'டீ எம்' என்றொரு மாதப் பயிற்சி இதழைத் தொடங்கியது. அந்தோனி ஆம்ஸ்ட்ராங் எழுத, பில் ஹூப்பர் வரைய, பைலட் ஆபீசர் ப்ரூன் என்ற கோமாளி அதில் பிறந்தான். செய்யக்கூடாத எதையும் அவன் செய்யாமல் விட்டதில்லை. நிஜ விமானிகளின் அசட்டுத்தனங்களுக்கு ஒரு கேலி விருதும் உண்டு. அமெரிக்கக் கடற்படை ஏட்டில் 1943 முதல் ராபர்ட் ஆஸ்பர்ன் வரைந்த கிழவர் கிராம்பா பெட்டிபோன் தாடியை ஆட்டித் திட்டித் தீர்த்தார். விதிமுறைப் புத்தகத்தைத் தொடாதவனும் இவற்றைப் படித்திருப்பான். சில உயிர்கள் பிழைத்தும் இருக்கும். ஆனால் சிரிப்பு யார்மேல் விழுகிறது? ஓட்டுகிறவன்மேல். எந்திரத்தைச் செய்தவனும் விதியை எழுதியவனும் அநேகமாகச் சட்டகத்துக்கு வெளியே நின்றுகொண்டார்கள்.

எர்னஸ்ட் கேன் 1961இல் எழுதிய 'ஃபேட் இஸ் த ஹன்ட்டர்' செத்துப்போன சக விமானிகளின் நீண்ட பெயர்ப் பட்டியலுக்குச் சமர்ப்பணம். அருமையான எழுத்துதான். ஆனாலும் தலைப்பே விதியை வேட்டைக்காரனாக்கிவிடுகிறது. விதி என்று சொல்லிவிட்டால் கம்பெனிக்கு வசதிதானே.

உடைப்பு நிகழ்வது 1974 டிசம்பர் 1க்குப் பிறகு. வாஷிங்டன் டல்லஸ் நிலையத்துக்கு இறங்கிக்கொண்டிருந்த டி.டபிள்யூ.ஏ. 514, வர்ஜீனியாவின் மவுன்ட் வெதர் மலையில் மோதியது. இருந்த 92 பேரும் இறந்தார்கள். இறங்கு பாதையை அணுகலாம் என்ற அனுமதியை விமானிகள் ஒருவிதமாகவும் கட்டுப்பாட்டாளர் வேறுவிதமாகவும் புரிந்துகொண்டிருந்தார்கள். ஒரே வாக்கியம், இரண்டு வாசிப்பு. பிழை யாருடையது என்பதில் விசாரணை வாரியமே பிளந்துபோனது. அதைவிடக் கொடுமை, சுமார் ஆறு வாரம் முன்பு யுனைடெட் விமானம் ஒன்று இதே இடத்தில் மயிரிழையில் தப்பியிருந்தது. யுனைடெட் தன் விமானிகளை எச்சரித்தது. அடுத்த கம்பெனிக்காரனுக்குச் சொல்ல வழி இல்லை.

1976இல் வந்தது நாஸா நடத்தும் அறிக்கை முறை. தண்டிக்கும் அதிகாரம் உள்ள துறையிடம் எவன் வாய் திறப்பான்? ஆகவே தண்டிக்க முடியாத நாஸா. விபத்தும் குற்றச்செயலும் இதில் அடங்காது. மற்றபடி, வேண்டுமென்று செய்யாத பிழையைப் பத்து நாளுக்குள் எழுதிப்போட்டால் அபராதமில்லை, பெயரை நீக்கிவிடுவார்கள். 1979இலிருந்து 'கால்பேக்' என்ற சிற்றேட்டில் இக்குரல்கள் அச்சாகின்றன. ப்ரூனுக்குப் பெயர் இருந்தது, குரல் இல்லை. இங்கே பெயர் இல்லை, குரல் இருக்கிறது. உழைப்பவன் தன் வேலையைப் பற்றித் தானே எழுதிய பிரதி இது.

ஆனால் விமானி எழுதுவதற்கு மட்டும் வழிவிட்டால் போதுமா, அவன் படிப்பதை யார் எழுதுகிறார்கள்? போயிங் 737 மேக்ஸ் விமானத்தின் மூக்கைத் தானாகக் கீழே தள்ளும் எம்காஸ் என்ற மென்பொருள் பற்றிய விளக்கம் விமானிகளின் கையேட்டில் இல்லை. விட்டுப்போனதல்ல, விடப்பட்டது. 2018 அக்டோபர் 29இல் இந்தோனேசியாவில் 189 பேர், 2019 மார்ச் 10இல் எத்தியோப்பியாவில் 157 பேர் செத்தார்கள். அந்த மே மாதம் அமெரிக்க நாடாளுமன்ற விசாரணையில், அமெரிக்காவில் பயின்ற விமானிகள் என்றால் சமாளித்திருப்பார்கள் என்று பேசினார்கள். ப்ரூன் திரும்பி வந்துவிட்டான், இம்முறை கறுத்த தோலோடு. முதல் விபத்துக்குப் பின் போயிங் அனுப்பிய அறிவுறுத்தலில் சொன்ன விசைகளை எத்தியோப்பிய விமானிகள் அணைத்துப் பார்த்திருந்தார்கள் என்பது, ஏப்ரலிலேயே வெளியான முதற்கட்ட அறிக்கையில் இருந்தது.