தொகுப்பாளர் நிற்கும் இடம்

2017இல் டென்மார்க்கின் பொது ஒளிபரப்பு நிறுவனமான டி.ஆர்., ‘டென்மார்க்கின் வரலாறு’ என்றொரு பத்துப் பகுதித் தொடரை ஒளிபரப்பியது. கற்காலம் தொட்டுப் பார்வையாளரைக் கைபிடித்துக் கூட்டிப்போனவர் வரலாற்றாசிரியர் இல்லை, லார்ஸ் மிக்கெல்சன் என்ற நடிகர். 2007இல் ‘குற்றம்’ தொடரில் கோபன்ஹேகன் மேயர் பதவிக்குப் போட்டியிடும் ஹார்ட்மனாக வந்தாரே, அவரேதான். வரலாறு சொல்ல நடிகர் எதற்கு?

இத்தகைய நிகழ்ச்சிகளில் தொகுப்பாளரின் முதல் வேலை, போய் நிற்பது. ‘இங்கேதான் நடந்தது’ என்று ஒருவர் நின்றுவிட்டால் அப்புறம் யாரும் ஆவணம் கேட்பதில்லை. அந்த உடம்பே சான்றாகிவிடுகிறது. நடிகருக்கு இது பழகிய தொழில்.

ஆனால் நிற்பதற்குக் காலடியில் மண் வேண்டுமில்லையா? யெல்லிங் கிராமத்தின் ரூன் கல், 10ஆம் நூற்றாண்டில் ஹரால்ட் புளூடூத் மன்னன் நாட்டியது. (நம் கைபேசியில் இருப்பதும் இவன் பெயர்தான்.) தேசத்தின் ஞானஸ்நானச் சான்றிதழ் என்று அதைக் கொண்டாடுகிறார்கள். டென்மார்க்கோடு நார்வேயையும் வென்றதாகக் கல்லில் இருக்கிறது. நார்வே 1814இல் கைவிட்டுப் போயிற்று; ஸ்கோனே 1658லேயே சுவீடனுக்கு. இன்றைய எல்லைக்குள் மிஞ்சிய சின்னங்களை வரிசையாக நடந்து காட்டினால், ஒரு பேரரசு என்றைக்கும் சின்னஞ்சிறு சாதுவான நாடாகவே இருந்ததுபோல ஒரு கதையாடல் தானாக உருவாகிவிடுகிறது. யாரும் பொய் சொல்லத் தேவையில்லை.

மிஞ்சாதவை என்னாகும்? 1639இலும் 1734இலும் கல்லெஹுஸில் கிடைத்த இரண்டு தங்கக் கொம்புகளை 1802இல் நீல்ஸ் ஹைடன்ரைக் என்ற பொற்கொல்லர் திருடி உருக்கினார். தேசத்தின் புனிதத் தங்கத்தில் பித்தளை கலந்து அவர் அடித்தது என்ன தெரியுமா? இந்திய வராகன், அதுவும் போலி! தரங்கம்பாடி 1620 முதல் 1845 வரை டேனியர் கையில் இருந்தது. வராகன் கோபன்ஹேகனுக்கு அந்நியமில்லை. இன்று அருங்காட்சியகத்தில் இருப்பவை கொம்புகளின் நகல்கள். தொகுப்பாளர் அவற்றின்முன் நின்று பேசலாம். வராகன் கதையை எங்கே நின்று சொல்வது?

1917இல் அமெரிக்காவுக்கு விற்கப்பட்ட மேற்கிந்தியத் தீவுகளின் சர்க்கரை வந்து இறங்கிய கிடங்கு கோபன்ஹேகன் துறைமுகத்தில் இன்னும் இருக்கிறது. அதன் வாசலில் 2018இல் ஜெனட் ஏலர்ஸ், லா வான் பெல் என்ற இரு கலைஞர்கள் மேரி தாமஸுக்குச் சிலை வைத்தார்கள். 1878இல் செயின்ட் குரோய் தீவில் கூலித் தொழிலாளர் கலகத்தை முன்னின்று நடத்தியவள். ஒரு கையில் தீப்பந்தம், மறுகையில் கரும்பு வெட்டும் கத்தி. அவள் நிற்கவில்லை, நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள்.