மதுக்கூடத்திலிருந்து வந்த நடிகை: ஈடித் மாசி

ஈடித் மாசி (1918–1984), அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் இயக்குநர் ஜான் வாட்டர்ஸ் நண்பர்களை வைத்துக் குறைந்த செலவில் எடுத்த நகைச்சுவைப் படங்களின் துணை நடிகை. நியூயார்க்கில் பிறந்தவர், நடிப்புப் பயிற்சி பெறாதவர். வாட்டர்ஸின் படங்களுக்கு வந்தபோது வயது ஐம்பதைத் தாண்டியிருந்தது.

பால்டிமோரின் துறைமுகப் பகுதியான ஃபெல்ஸ் பாயின்ட்டில் ஒரு மலிவான மதுக்கூடத்தில் அவர் பரிமாறிக்கொண்டிருந்தார். அங்கே வந்துபோன இளைஞர் வாட்டர்ஸ், ‘மல்டிபிள் மேனியாக்ஸ்’ (1970) படத்தில் அவரை நடிக்கவைத்தார். மதுக்கூடப் பணிப்பெண்ணாக அவராகவே வந்தவர், அதே படத்தில் கன்னி மரியாளாகவும் தோன்றினார்.

பெயர் வாங்கித் தந்தது ‘பிங்க் ஃபிளமிங்கோஸ்’ (1972). சுமார் 10,000 டாலரில் எடுக்கப்பட்ட இந்தப் படத்தில், குழந்தைகளை விளையாடவிடும் அடைப்புக்குள் உள்ளாடையோடு உட்கார்ந்து, எந்நேரமும் முட்டை கேட்டு அடம்பிடிக்கும் தாயாக அவர் நடித்தார். கடைசியில் முட்டை கொண்டுவருபவரே அவரை மணந்து, தள்ளுவண்டியில் வைத்து அழைத்துப்போகிறார்.

இந்தப் படம் தொலைக்காட்சிச் செய்தியாளர்கள் பயன்படுத்திய வகை 16 மி.மீ. கேமராவில் எடுக்கப்பட்டது; அதில் படச்சுருளிலேயே ஒலியும் பதிவானது. ஒலியும் காட்சியும் ஒரே சுருளில் முன்பின்னாக இருந்ததால் நடுவில் வெட்டி ஒட்டுவது கடினம். நீண்ட வசனத்தை ஒரே மூச்சில் பேசியாக வேண்டும். மாசிக்கு வசனம் எளிதில் மனப்பாடம் ஆகாது. நினைவுபடுத்தி, இழுத்து இழுத்து அவர் பேசிய விதமே அவருக்கான நடிப்புப் பாணியாயிற்று. தேர்ந்த நடிகர் எவராலும் செய்ய முடியாத வெள்ளந்தித்தனம் அதில் இருந்தது.

நியூயார்க்கின் எல்ஜின் திரையரங்கில் நள்ளிரவுக் காட்சியாக ஓடி, அந்தப் படம் தனி ரசிகர் கூட்டத்தைப் பெற்றது. தொடர்ந்து ‘ஃபீமேல் ட்ரபிள்’ (1974) படத்தில் ஐடா அத்தையாகவும், ‘டெஸ்பரேட் லிவிங்’ (1977) படத்தில் கொடுங்கோல் அரசி கார்லோட்டாவாகவும் நடித்தார். காட்சிக்கேற்பச் சுரண்டி முகர்வதற்குப் பத்து வாசனைகள் கொண்ட அட்டையோடு திரையிடப்பட்ட ‘பாலியெஸ்டர்’ (1981), வாட்டர்ஸோடு அவர் பணியாற்றிய கடைசிப் படம். திடீர்ப் பணக்காரியான முன்னாள் வீட்டுவேலைக்காரி வேடம் அதில் அவருக்கு.

திரைக்கு வெளியே அவர் ஃபெல்ஸ் பாயின்ட்டில் ‘ஈடித்ஸ் ஷாப்பிங் பேக்’ என்ற பழைய பொருள் கடை நடத்தினார். ரசிகர்கள் அவரைப் பார்ப்பதற்காகவே அங்கு வந்தார்கள். 1975இல் அவரைப் பற்றி ‘லவ் லெட்டர் டு ஈடி’ என்ற குறும்படம் வெளியானது. ‘ஈடி அண்ட் தி எக்ஸ்’ என்ற பங்க் இசைக்குழுவில் பாடினார். பாடகர் ஜான் மெல்லன்கேம்பின் 1980ஆம் ஆண்டு இசைத்தட்டின் அட்டையிலும் இடம்பெற்றார்.

பிற்காலத்தில் கலிபோர்னியாவுக்குக் குடிபெயர்ந்தவர், 1984 அக்டோபரில் காலமானார். 2021இல் அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம், பாதுகாக்க வேண்டிய தேசியத் திரைப்படங்களின் பதிவேட்டில் ‘பிங்க் ஃபிளமிங்கோஸ்’ படத்தைச் சேர்த்தது. மாசியின் தடுமாறும் குரலும் அந்தச் சுருளோடு காப்பாற்றப்பட்டுவிட்டது.