சொவேட்டோவின் பாட்டு

ஆடலும் பாடலும் நிறைந்த படம் என்றதும், காதலும் களிப்புமே நம் நினைவுக்கு வரும். 'சரஃபினா' அத்தகையதன்று. துப்பாக்கிக்கு முன்னே நிமிர்ந்து நின்ற பள்ளிச் சிறார்களின் கதை அது. களம், தென்னாப்பிரிக்காவின் சொவேட்டோ.

வெள்ளை நிறவெறி ஆட்சியினர் 1953-இல் பாண்டுக் கல்விச் சட்டத்தை இயற்றினர். கறுப்பின மக்களுக்கு ஏவல் செய்யத் தெரிந்தால் போதும், எண்ணத் தெரிய வேண்டாம் என்பதே அதன் உட்பொருள். அதுவும் போதவில்லை போலும்! கணக்கையும் சமூகப் பாடத்தையும் ஆப்பிரிகான்ஸ் மொழியிலேயே கற்க வேண்டும் என 1974-இல் ஆணை பிறந்தது. யார் மொழி அது? அடக்குவோன் மொழி! 1976 ஜூன் 16 அன்று பல்லாயிரம் மாணவர் அணிவகுத்தனர். அவர்கள் ஏந்தியவை அட்டைகள், எதிர்ப்பட்டவை துப்பாக்கிகள். 12 வயது எக்டர் பீட்டர்சன் குண்டடிபட்டு மாண்டான். கிளர்ச்சியில் இறந்தோர் 176 பேர் என்றது அரசு. 700 வரை இருக்கும் என்பாரும் உளர். ஆணை அவ்வாண்டு ஜூலையிலேயே கைவிடப்பட்டது.

இவ்வெழுச்சியை மபோங்கேனி இங்கேமா 1987-இல் இசை நாடகமாக்கினார். நியூயார்க்கில் அது 597 முறை நடைபெற்றது. 1992-இல் டாரல் ரூட் அதைப் படமாக்கினார். நாயகி, நாடகத்திலும் நடித்த லெலெட்டி குமாலோ. வெள்ளையர் வீட்டில் பணிப்பெண்ணாக உழலும் தாயாக வருபவர் மிரியம் மக்கேபா; 1960-இல் கடவுச்சீட்டு பறிக்கப்பட்டு, 1990 வரை தாயகம் திரும்ப இயலாதிருந்த பாடகி! தாயின் பணிவைக் கண்டு முதலில் குமுறும் மகள், சிறையில் வதைபட்டு மீண்ட பின்னரே அத்தாயின் உறுதியை உணர்கிறாள். மாணவர் கும்பல் ஒரு காவலரைத் தீக்கிரையாக்கும் கொடுமையையும் படம் மறைக்கவில்லை. நம் தரப்புப் பிழையைக் காட்டவும் நெஞ்சுரம் வேண்டுமன்றோ?

எனினும் படத்தின் உயிர்நாடி, ஊப்பி கோல்ட்பெர்க் ஏற்ற வரலாற்று ஆசிரியை வேடமே. ஆட்சியாளர் வகுத்த பாடத்துக்கு அப்பால் உண்மையைப் புகட்டுகிறார். கைதாகிறார். பின்னர் வருவது, சன்னல் வழியே குதித்து இறந்தார் என்ற செய்தி!

வெறும் கற்பனையா இது? ஆசிரியர் அகமது திமோல் 1971-இல் ஜொகன்னஸ்பர்க் காவல் நிலையக் கட்டடத்திலிருந்து விழுந்து இறந்தார். தற்கொலை என்றது காவல்துறை. 1972-இல் விசாரணை மன்றமும் தலையசைத்தது. அவர் தள்ளப்பட்டே இறந்தார், அது கொலையே என்று நீதிபதி ஒருவர் தீர்ப்பளித்தபோது ஆண்டு 2017.