நவம்பரில் ஒரு முட்டை ஃப்ரைட் ரைஸ்

2023 நவம்பர் கடைசி வாரம். வல்லம் வடகால் சிப்காட்டில் ஷிஃப்ட் முடிந்து, மெஷின் நிறுவ வந்திருந்த சீனப் பொறியாளர் ஒருவரைத் தள்ளுவண்டிக் கடைக்குக் கூட்டிப்போனேன். வண்டியில் 'சைனீஸ் ஃபாஸ்ட் ஃபுட்' என்று பெரிய எழுத்து. இரண்டு முட்டை ஃப்ரைட் ரைஸ் வந்ததும் வழக்கம்போல ஒரு படம் எடுத்தேன். அவர் மொழிபெயர்ப்புச் செயலியில் ஏதோ தட்டி போனை நீட்டினார்: "இந்த மாசம் இதைப் போடாதீங்க." சிரித்தார். விளக்கவில்லை.

அறைக்கு வந்து தேடினேன்.

மாவோவின் மூத்த மகன் மாவோ அன்யிங். 1950 நவம்பர் 25 அன்று கொரியப் போரில், தளபதி பெங் தெஹுவாயின் தலைமையகத்தின் மீது அமெரிக்க விமானங்கள் நாபாம் குண்டு வீசியதில் இறந்தார். வயது 28. அங்கே பணியிலிருந்த யாங் தி என்ற அதிகாரி, குண்டு விழும்முன் அன்யிங் முட்டை போட்டுச் சோறு வறுத்துக்கொண்டிருந்தார் என்று பின்னாளில் எழுதினார். அடுப்புப் புகைதான் காட்டிக்கொடுத்தது என்று கதை வளர்ந்தது. 2020இல் சீன வரலாற்று அகாதமி இதை மறுத்தது. ரேடியோ சமிக்ஞைதான் காரணம் என்றது. எனக்கும் புகைக்கதை கொஞ்சம் ஓவராகத்தான் தெரிகிறது.

ஆனால் இணையத்தில் கதை வேறு வேலை செய்தது. அன்யிங் பிழைத்திருந்தால் வட கொரியாபோல அப்பாவுக்குப் பிறகு மகன் வந்திருப்பான், ஆகவே ஃப்ரைட் ரைஸுக்கு நன்றி என்றார்கள் சிலர். நெருப்பில் செத்தவனைக் கேலி செய்வது எனக்கு ஒப்பவில்லை. ஆனால் கேலியின் குறி வாரிசுப் பட்டம். அதை நமக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை.

2021 மார்ச் முதல் தியாகிகளை அவமதித்தால் மூன்றாண்டு வரை சிறை என்று சட்டம் வந்தது. அதே அக்டோபரில் நான்சாங் நகரில், இந்த நன்றியை எழுதியவரைப் பத்து நாள் காவலில் வைத்தார்கள். நான் ஃப்ரைட் ரைஸ் சாப்பிட்ட அதே வாரம்தான், நவம்பர் 27 அன்று, பிரபல யூடியூப் சமையல்காரர் வாங் காங் முட்டை ஃப்ரைட் ரைஸ் வீடியோ போட்டு மாட்டிக்கொண்டார். மன்னிப்புக் கேட்டு, இனி அதைச் செய்யவே மாட்டேன் என்றார். நம்மூர் டிபன் கடை மாஸ்டர் இனி சட்னி அரைக்க மாட்டேன் என்று சத்தியம் செய்வதுபோல.

நான் எடுத்த படத்தை அன்றிரவே அழித்தேன். அதில் அவர் முகம்கூட இல்லை. தட்டின் ஓரத்தில் பிளாஸ்டிக் ஸ்பூனைப் பிடித்த கை மட்டும்தான்.