சொல்லாத பெயர்

மந்திரக் கதை என்றவுடன் மந்திரக்கோலும் பறக்கும் துடைப்பமும்தான் நினைவுக்கு வரும். ஆனால் அமெரிக்க எழுத்தாளர் உர்சுலா லெ குவின் 1968-ல் எழுதிய 'எ விசார்ட் ஆஃப் எர்த்சீ' நாவலில் மந்திரத்தின் சக்தி சொல்லில் இருக்கிறது. கல், கடல், மனிதன் எல்லாவற்றுக்கும் ஆதிமொழியில் ஓர் உண்மைப் பெயர் உண்டு. அதை அறிந்தவனுக்கு அந்தப் பொருள் கட்டுப்படும். அதனால் அங்கே உண்மைப் பெயரை யாரும் எளிதில் சொல்லமாட்டார்கள். நாயகன் 'கெட்' கூட ஊருக்கு வெறும் 'ஸ்பாரோஹாக்' தான்.

பெயரை மறைப்பது வெறும் கற்பனையா? இல்லை.

1911-ல் கலிபோர்னியாவின் ஓரோவில் நகரில் பசியோடு ஒரு மனிதர் தனியாக வந்து சேர்ந்தார். வெள்ளைக் குடியேறிகளின் படுகொலைகளால் அழிந்துபோன யாஹி இனத்தின் கடைசி மனிதர் அவர். தன் பெயரைத் தானே சொல்வது அவர் மரபில் இல்லை. எடுத்துச் சொல்ல உறவினர் எவரும் உயிரோடு இல்லை. எனவே மானிடவியலாளர் ஆல்ஃபிரட் குரோபர் அவரை 'இஷி' என்று அழைத்தார். அவர் மொழியில் அதற்கு 'மனிதன்' என்று பொருள்.

அந்தக் குரோபரின் மகள்தான் லெ குவின். அவர் பிறந்தது 1929-ல். இஷி 1916-லேயே காசநோயால் இறந்துவிட்டார். இஷியின் வாழ்க்கையை 1961-ல் நூலாக எழுதியவர் லெ குவினின் தாய் தியோடோரா.

தன் மொழியின் கதைகளையும் பாடல்களையும் மெழுகு உருளைகளில் பதிவு செய்ய இஷி சம்மதித்தார். பெயரை மட்டும் கடைசிவரை சொல்லவில்லை.